நுரைக்கிற தண்ணீர், இறுகுகிற மண்

நாயுடுபேட்டையில் சித்தப்பா வீட்டு மாடிப்படிக்கு அடியில் இரண்டு மூட்டைகள் ஒன்றின்மேல் ஒன்று சாய்ந்து கிடந்தன. ஒன்றில் கல்லுப்பு. இன்னொன்றில் ஜிப்சம். "இது தண்ணி மெஷினுக்கு, அது புல்லுக்கு" என்றார் சித்தப்பா, ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாதவை போல. நான் அங்கே தங்கிய மூன்று நாளும் அந்த மூட்டைகளைச் சுற்றியே போயின. ஒரு மூட்டை செய்த வேலையை இன்னொரு மூட்டை அழித்துக்கொண்டிருந்தது. இரண்டுக்கும் காசு கொடுத்தவர் சித்தப்பா.

சென்னையிலிருந்து கூடூர் போகும் ரயில் பாதையில், சூலூர்பேட்டைக்கு வடக்கே, சுவர்ணமுகி ஆற்றை ஒட்டிய ஊர் நாயுடுபேட்டை. 2022-இல் ஆந்திரத்தில் மாவட்டங்களைப் பிரித்தபோது நெல்லூரிலிருந்து திருப்பதி மாவட்டத்துக்கு மாறியது. மேற்கே போனால் காளஹஸ்தி, திருப்பதி. தெற்கே நேலப்பட்டில் கூழைக்கடாக்கள் கூடு கட்டும் சரணாலயம். அதற்கும் அப்பால் பழவேற்காடு ஏரி, ஸ்ரீஹரிக்கோட்டை. டீக்கடையில் தெலுங்கில் தொடங்குகிற பேச்சு தமிழில் முடியும். ரயில்வேயில் ஓய்வு பெற்று இங்கே வீடு கட்டிய சித்தப்பாவுக்கு ஒரே ஆசைதான்: வீட்டுக்கு முன்னால் இரண்டரை சென்டில் புல்தரை. கடியம் நர்சரியிலிருந்து கொரியன் புல் பாய் பாயாக லாரியில் வந்து இறங்கியது.

முதல் வருடம் கம்பளம். இரண்டாம் வருடம் நோய். மழை நின்று இரண்டு நாள் ஆனாலும் புல்லின்மேல் தண்ணீர் நின்றது. வெயில் அடித்தால் மண் ஓடுபோல் இறுகி, கடப்பாரை கேட்டது. புல் திட்டுத் திட்டாக மஞ்சளானது. உரக்கடையில் போய்ச் சொன்னதற்கு, "ஜிப்சம் போடுங்க சார், மண்ணு பொலபொலன்னு ஆயிடும்" என்றார்கள். ஒரு மூட்டை போட்டார். கொஞ்ச நாள் சரியானது, பிறகு பழைய கதை. தோட்ட வேலைக்கு வரும் பெரியவர் ஒரு பிடி மண்ணை எடுத்து விரலில் தேய்த்துப் பார்த்து, "காரு சவுடு, பாபு" என்றார்.

அந்தச் சொல்லை விட்டுவிட்டு மேலே போக மனமில்லை. தமிழ்நாட்டுப் பக்கம் சவுடு என்றால் ஏரியில் அள்ளி வந்து பள்ளம் நிரப்புகிற மண். குவாரி ஏலமும் வழக்கும் அதன் பெயரில்தான் நடக்கும். எல்லை தாண்டித் தெலுங்கில் சவுடு என்றால் உப்பு ஏறிய, விளையாத நிலம். அதிலும் இரண்டு வகை. மேலே வெள்ளையாகப் பூத்து நிற்பது பால சவுடு. காரம் ஏறிக் களிமண் குழைந்து இறுகுவது காரு சவுடு. தமிழில் நாம் முன்னதை உவர் என்றும் பின்னதைக் களர் என்றும் பிரிக்கிறோம். ஆய்வகம் இந்தப் பிரிவினைக்கு எண் கொடுக்கிறது: மண் பிடித்துவைத்திருக்கும் நேர்மின் அயனிகளில் 15 சதவீதத்துக்கு மேல் சோடியமாக இருந்து, கார அமில நிலை 8.5-ஐத் தாண்டினால் களர். உவர் நிலத்தை நல்ல தண்ணீர் விட்டுக் கழுவினால் போதும். களர் நிலத்தைக் கழுவினால் இன்னும் கெடும். அதற்குத்தான் ஜிப்சம்.

பெரியவரின் விரல் சொன்னது சரியா என்று பார்க்க ஆய்வகம் தேவையில்லை. ஆஸ்திரேலிய மண்ணியலாளர் எமர்சன் 1967-இல் வெளியிட்ட ஒரு சோதனை இருக்கிறது. இரண்டு கண்ணாடி டம்ளர் போதும். காய்ந்த மண்கட்டி ஒன்றைச் சுண்டைக்காய் அளவில் எடுத்து, உப்பே இல்லாத தண்ணீரில் மெதுவாக இறக்கிவிட வேண்டும். கலக்கக் கூடாது, ஆட்டக் கூடாது. மழைத்தண்ணீர் கிடைக்காவிட்டால் ஏசியிலிருந்து சொட்டும் தண்ணீர் போதும். அது காற்றிலிருந்து வடித்த நீர், அதில் உப்பு என்று சொல்ல ஒன்றும் இருக்காது. கட்டி உடைந்து உதிர்ந்து, சுற்றியுள்ள தண்ணீர் தெளிவாகவே இருந்தால், மண்ணில் மக்கு குறைவு, அவ்வளவுதான். ஆனால் கட்டியைச் சுற்றிப் பால் ஊற்றினாற்போல் ஒரு மேகம் கிளம்பினால், களிமண் துகள்கள் ஒன்றையொன்று கைவிட்டுத் தனித்தனியே மிதக்கத் தொடங்கிவிட்டன என்று பொருள். எமர்சன் இரண்டு மணி நேரத்திலும் இருபது மணி நேரத்திலும் பார்க்கச் சொன்னார்.

இரண்டு மணி நேரம்கூட ஆகவில்லை. புல்தரை மண் போட்ட டம்ளர் மோராகிவிட்டது. பக்கத்து மதிலுக்கு அப்பால் காலி மனையிலிருந்து எடுத்த கட்டி போட்ட டம்ளர் மறுநாள் காலைவரை தெளிவாக இருந்தது. இரண்டு மனைகளையும் ஒரே லேஅவுட்காரர்தான் ஒரே ஏரி மண்ணைக் கொட்டி நிரப்பியிருந்தார். மண் ஒன்று, மழை ஒன்று, வெயிலும் ஒன்று. அப்புறம் எதில் வித்தியாசம்?

விடை மொட்டை மாடியில் நீல நிற உருளையாக நின்றுகொண்டிருந்தது.

சித்தப்பா வீட்டு போர் தண்ணீர் சாதாரணத் தண்ணீர் இல்லை. பருப்பு வேகாது, சோப்பு நுரைக்காது, கீசரில் வெள்ளையாக அடை தட்டும், குழாய் வாயில் சுண்ணாம்பு கட்டும். சோதித்தபோது கடினத்தன்மை லிட்டருக்கு 500 மில்லிகிராம் என்று வந்ததாம். தண்ணீரை மென்மையாக்கும் எந்திரம் ஒன்றை வாங்கி மாட்டிவிட்டார். அதன்பிறகு சித்தி சந்தோஷம், துணி வெளுப்பு, தலைமுடி மிருது. பிளம்பர் தொட்டியிலிருந்து எல்லாக் குழாய்களுக்கும் அந்தத் தண்ணீரைக் கொடுத்தார். தோட்டத்துக் குழாய்க்கும்தான்.

அந்த உருளைக்குள் என்ன நடக்கிறது என்று தெரிய வேண்டுமானால் 1845-க்கு, இங்கிலாந்தின் யார்க் நகருக்குப் போக வேண்டும். ஹாரி ஸ்டீபன் தாம்ப்ஸன் என்ற பண்ணைக்காரருக்கு எருக்குழியைப் பற்றிய கவலை. மழை பெய்தால் எருவிலுள்ள அம்மோனியா கரைந்து மண்ணுக்குள் இறங்கி வீணாகிறதே, அதைப் பிடிக்க முடியுமா? (இவர் பின்னாளில் ஒரு ரயில்வே கம்பெனிக்கே தலைவரானார் என்று சொன்னதும் சித்தப்பாவுக்கு அவர்மேல் தனி மரியாதை வந்துவிட்டது.) தாம்ப்ஸனும் யார்க்கில் மருந்துக்கடை வைத்திருந்த ஜோசப் ஸ்பென்ஸும் ஒரு குழாயில் தோட்டத்து மண்ணை நிரப்பி, மேலிருந்து அம்மோனியம் சல்பேட் கரைசலை ஊற்றினார்கள். அம்மோனியா அப்படியே கீழே வரும் என்று எதிர்பார்த்திருக்க வேண்டும். வரவில்லை. அம்மோனியாவை மண் பிடித்துக்கொண்டது. அதற்குப் பதிலாக மண் வெளியே விட்டது கால்சியம் சல்பேட்.

கால்சியம் சல்பேட் என்பது வேறொன்றுமில்லை, ஜிப்சம்தான். மண் ஓர் உப்பை வாங்கிக்கொண்டு ஜிப்சத்தைச் சில்லறையாகத் திருப்பித் தந்திருக்கிறது.

தாம்ப்ஸன் இதை வேதியியலாளர் ஜான் தாமஸ் வேயிடம் கொண்டுபோனார். வே வரிசையாகச் சோதனைகள் செய்து 1850-இல் வெளியிட்டார்: இந்தப் பண்டமாற்றைச் செய்வது மண்ணிலுள்ள களிமண், கொடுப்பதும் வாங்குவதும் சம எடைமானத்தில், கடையில் ஏமாற்று இல்லை. ஒரே ஒரு இடத்தில் வே தவறினார். இந்த வியாபாரம் ஒருவழிப் பாதை என்று நினைத்துவிட்டார். எட்டு வருடம் கழித்து ஜெர்மனியில் ஐக்ஹார்ன் என்பவர், திருப்பி ஊற்றினால் திருப்பித் தரும் என்று காட்டினார். களிமண் எதையும் நிரந்தரமாக வைத்துக்கொள்வதில்லை. தண்ணீரில் எது மிகுந்து வருகிறதோ அதை ஏற்றிக்கொண்டு, முன்பு பிடித்திருந்ததை இறக்கிவிடும்.

அந்தத் தந்திரத்தை வீட்டுக்குள் கொண்டுவந்தது 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கம். பெர்லினில் ராபர்ட் கான்ஸ் செயற்கைக் களிமண் போன்ற ஒரு பொருளைத் தயாரித்தார். அதில் சோடியத்தை ஏற்றிவைத்துக் கடின நீரை ஓடவிட்டால், நீரிலுள்ள கால்சியத்தை அது பிடித்துக்கொண்டு சோடியத்தை விட்டுவிடும். பெர்முட்டிட் என்று அதற்குப் பெயர். 1930-களுக்குப் பிறகு அதன் இடத்தைப் பிசின் மணிகள் எடுத்துக்கொண்டன. சித்தப்பாவின் நீல உருளைக்குள் இருப்பதும் அந்த மணிகள்தான். மணிகள் கால்சியத்தால் நிரம்பியதும் உப்புக் கரைசலை விட்டுக் கழுவினால் மறுபடி சோடியம் ஏறும். கல்லுப்பு மூட்டை அதற்குத்தான். ஆக, அந்த எந்திரம் தண்ணீரிலிருந்து உப்பை எடுப்பதில்லை. ஓர் உப்புக்கு இன்னோர் உப்பை மாற்றித் தருகிறது. ஆர்.ஓ. எந்திரத்தோடு அதைக் குழப்பிக்கொள்கிறவர்கள் அதிகம்.

இப்போது புல்தரைக்கு வருவோம். மாடியில் மணிகளுக்கு நடந்ததன் மறுபாதி கீழே நடக்கிறது. கால்சியம் பறிக்கப்பட்டு, சோடியத்தோடு இறங்கி வருகிற தண்ணீர், புல்லடியிலுள்ள களிமண்ணைச் சந்திக்கிறது. களிமண்ணில் கால்சியம் இருக்கிறது, தண்ணீரில் சோடியம் இருக்கிறது. தாம்ப்ஸனின் குழாயில் நடந்த அதே பண்டமாற்று. நாளுக்கு நாள் கால்சியம் இறங்கிப் போகிறது, சோடியம் குடியேறுகிறது.

குடியேறினால் என்ன? களிமண்ணை ஒரு சீட்டுக்கட்டு என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு சீட்டும் ஒரு மில்லிமீட்டரில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு தடிமன். சில வகைக் களிமண்ணில் ஒரு கிராமிலுள்ள சீட்டுகளைப் பிரித்துப் பரப்பினால் 700, 800 சதுர மீட்டர் வரும். மூன்று டென்னிஸ் மைதானம். சீட்டுகளின் முகமெல்லாம் எதிர்மின்சுமை, ஆகவே ஒன்றையொன்று தள்ளும். நடுவில் கால்சியம் வந்து நின்றால் அதற்கு இரட்டை நேர்மின்சுமை. சீட்டுகளை நெருக்கிப் பிடித்துக் கட்டாக வைத்திருக்கும். கட்டுக்கும் கட்டுக்கும் இடையில் காற்றுக்கும் தண்ணீருக்கும் வேருக்கும் வழி கிடைக்கும். சோடியத்துக்கு ஒற்றைச் சுமைதான். போதாததற்குத் தன்னைச் சுற்றித் தண்ணீரைப் போர்த்திக்கொண்டு சீட்டிலிருந்து தள்ளியே நிற்கும். பிடி தளர்ந்தால் கட்டு கலைகிறது. கலைந்த சீட்டுகள் போய் அடைத்துக்கொள்வது, இதுவரை தண்ணீர் இறங்கிய துளைகளை. டம்ளரில் மோர்போல் தெரிந்ததும், தரையில் ஓடுபோல் இறுகியதும் இந்தக் கலைந்த சீட்டுகள்தான்.

சமையலறையில் இதே நாடகம் தினமும் நடக்கிறது. கடின நீரில் பருப்பு வேகாததற்குக் காரணம், கால்சியம் பருப்பின் செல்சுவரிலுள்ள பெக்டினைக் கட்டிப் பிடித்துக்கொள்வது. ஒரு சிட்டிகை ஆப்பசோடா போட்டால் குழைந்துவிடுகிறது. ஆப்பசோடா என்பது சோடியம் பைகார்பனேட். கொண்டைக்கடலைக்கு எதை விரும்பிப் போடுகிறோமோ, அதைத்தான் சித்தப்பா தெரியாமல் புல்லுக்குப் போட்டுக்கொண்டிருந்தார். மண்ணும் குழைந்துவிட்டது.

இன்னொரு பழைய சாட்சியும் உண்டு. சலவைத் தொழிலாளர்கள் வெள்ளாவி வைக்க உவர்மண்ணைத் தேடி அள்ளி வருவார்கள். சோப்பு கட்டியாக வருவதற்கு முன் அந்த மண்தான் அழுக்கை எடுத்தது, ஏனென்றால் அதில் சோடியம் கார்பனேட் பூத்திருக்கும். துணி வெளுக்கிற மண்ணில் பயிர் விளையாது. சோடியத்துக்குத் துணியும் மண்ணும் ஒன்றுதான். ஒட்டிக்கொண்டிருப்பதைப் பிரித்து மிதக்கவிடுவது அதன் வேலை. அழுக்கு மிதந்தால் நமக்கு நல்லது. களிமண் மிதந்தால் கெட்டது.

நேர்மாறான வேலைக்கும் நம்மிடம் ஆள் உண்டு. கலங்கிய ஆற்றுத்தண்ணீரைத் தெளியவைக்கப் பானையின் உட்புறம் தேற்றாங்கொட்டையைத் தேய்ப்பார்கள். சிலர் படிகாரத்தைச் சுற்றுவார்கள். மிதக்கும் களிமண் சேர்ந்து கட்டியாகி அடியில் படியும். வெள்ளக் காலத்தில் செம்மண் நிறத்தில் ஓடும் சுவர்ணமுகி கடலைத் தொடும் இடத்திலும் அதுவே நடக்கிறது. கடலின் உப்பு பட்டதும் சேறு திரண்டு இறங்குகிறது. உலகத்துக் கழிமுகங்களில் சேறு படிவதில் இதற்கும் ஒரு பங்கு உண்டு.

இங்கேதான் எனக்கு மிகவும் பிடித்த முரண் வருகிறது. கடல்நீரில் இருப்பதும் பெரும்பாலும் சோடியம்தானே? அது ஏன் களிமண்ணைக் கலைக்காமல் சேர்க்கிறது? அளவுதான் காரணம். கரைசலில் உப்பு மிக அதிகமாக இருந்தால், எந்த உப்பானாலும் சரி, சீட்டுகளின் தள்ளுவிசை நசுங்கிப்போகிறது. அதனால் கடல்நீரில் ஊறிய வயல் பார்வைக்குப் பொலபொலவென்றே இருக்கும். ஆபத்து அடுத்து வரும் நல்ல மழையில் இருக்கிறது. மழை உப்பைக் கழுவிவிடும். களிமண்ணில் ஒட்டிய சோடியம் மட்டும் தங்கிவிடும். அந்த நொடியில் கட்டு கலைந்து வயல் மூடிக்கொள்ளும். 1953 பிப்ரவரி 1-ஆம் தேதி வடகடல் பொங்கி நெதர்லாந்தின் தென்மேற்கு மூழ்கியபோது, டச்சுக்காரர்கள் தண்ணீர் வடிந்த நிலங்களில் ஜிப்சம் தூவியது இதற்காகத்தான். 2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பின் நாகப்பட்டினம் பக்கத்து வயல்களில் ஜிப்சம் மூட்டைகள் இறங்கியதும் இதற்காகவே. சித்தப்பாவின் புல்தரை வெயில் காலத்தில் ஓரளவு தாக்குப்பிடித்து, வானம் நல்ல தண்ணீரைத் தரும்போது மட்டும் குளமாவதன் ரகசியமும் இதில் இருக்கிறது.

சரி, ஜிப்சம் எங்கிருந்து வருகிறது? நம் நாட்டில் வெட்டியெடுப்பதில் மிகப் பெரும்பங்கு ராஜஸ்தானிலிருந்து. பெரம்பலூர் மாவட்டம் காரையின் செம்மண் பள்ளத்தாக்குகளில் நடந்தால் காலடியில் கண்ணாடித் துண்டுகள்போல் மின்னுவதும் ஜிப்சம்தான். பத்துக் கோடி ஆண்டுகளுக்கு முந்தைய கடலின் களிமண்ணில் நரம்பு நரம்பாக ஓடுகிறது. பாஸ்பேட் உரத் தொழிற்சாலைகளில் அது கழிவாக மலைமலையாகக் குவிகிறது. பாறையில் இருந்த ஃபுளோரைடும் துளி ரேடியமும் அதில் சேர்ந்துவருவதால் அந்தக் குவியல்களைப் பற்றி வேறு விவாதங்கள் உண்டு. மூன்றாவது ஊற்று, உப்பளம். கடல்நீரைப் பாத்தியில் வற்றவிட்டால் முதலில் கொஞ்சம் சுண்ணாம்பு படியும். நீர் ஐந்தில் ஒரு பங்காகச் சுருங்கும் வாக்கில் ஜிப்சம் படியத் தொடங்கும். பத்தில் ஒரு பங்கானதும் உப்பு விளையும். உப்பு சுத்தமாக வேண்டுமானால் ஜிப்சத்தை முந்தைய பாத்தியிலேயே விட்டுவிட்டு நீரை அடுத்த பாத்திக்கு நகர்த்துவார்கள். படிக்கட்டுக்கு அடியில் கிடந்த இரண்டு மூட்டைகளும் ஏதோ ஒரு கடலில் ஒன்றாகக் கரைந்திருந்தவை என்று நினைத்துக்கொண்டேன்.

பள்ளிக்கூடத்து சாக்பீஸும், கை முறிந்தால் போடும் மாவுக்கட்டும் இந்த ஜிப்சத்தைச் சூடாக்கிப் பாதிக்கு மேல் நீரை விரட்டிய பொடியில் செய்தவை. செவ்வாயிலும் இருக்கிறது: 2011-இல் ஆப்பர்சூனிட்டி ஊர்தி ஒரு பாறையில் கட்டைவிரல் அகலத்துக்கு ஜிப்சக் கோடு ஒன்றைக் கண்டது, அங்கே ஒரு காலத்தில் தண்ணீர் ஓடியதற்கு அது நல்ல சாட்சி. இரண்டு வருடம் கழித்து மங்கள்யான் இங்கே பக்கத்தில்தான், ஸ்ரீஹரிக்கோட்டையிலிருந்து கிளம்பியது. சித்தப்பா மொட்டை மாடியிலிருந்து பார்த்தாராம்.

களரைத் திருத்துகிற கலையில் இந்தியா பின்தங்கியதல்ல. 1969-இல் அரியானாவின் கர்னாலுக்கு மத்திய உவர்மண் ஆராய்ச்சி நிறுவனம் வந்தபோது, சுற்றிலும் புல் முளைக்காத வெள்ளை நிலம். அங்கே உருவான முறை எளிது: வரப்பை உயர்த்து, எக்டேருக்கு 10 முதல் 15 டன் ஜிப்சம் போட்டு மேல்மண்ணில் கலந்துவிடு, தண்ணீரை நிற்கவிடு, முதல் பயிராக நெல் நடு. நெல்லுக்குத் தேங்கிய நீர் பிடிக்கும். தேங்கிய நீர் சோடியத்தைக் கீழே தள்ளும். பஞ்சாப், அரியானா, உத்தரப் பிரதேசத்தில் பல லட்சம் எக்டேர் இப்படித்தான் வயலானது. தெற்கே பாபட்லாவிலும் திருச்சியிலும் இதற்கான ஆய்வு மையங்கள் உண்டு. திருச்சி நாவலூர் குட்டப்பட்டில் அன்பில் தர்மலிங்கம் வேளாண்மைக் கல்லூரி நிற்பதே களர் நிலத்தின்மேல். அங்கே களரைத் தாங்கும்படி உருவாக்கிய டி.ஆர்.ஒய் நெல் ரகங்கள் ஊரின் பெயரைச் சுமக்கின்றன. கல்லாதவரை விளையாத களருக்கு ஒப்பிட்டார் திருவள்ளுவர். அவர் காலத்தில் ஜிப்சம் மூட்டை இல்லை. இருந்திருந்தால் வேறு உவமை தேட வேண்டியிருந்திருக்கும்.

இவ்வளவு சொன்னதும், எல்லா மண்ணுக்கும் ஜிப்சம் அருமருந்து என்று யாரும் கிளம்பிவிட வேண்டாம். நர்சரிகளில் அப்படித்தான் விற்கிறார்கள். மண் இறுகுவதற்குக் கார் ஏற்றி நசுக்கியது காரணமாக இருக்கலாம், மக்கு இல்லாதது காரணமாக இருக்கலாம், வீடு கட்டிய மிச்ச சிமெண்டும் ஜல்லியும் அடியில் கிடப்பது காரணமாக இருக்கலாம். அதற்கெல்லாம் ஜிப்சம் ஒன்றும் செய்யாது. டம்ளரில் மேகம் கிளம்பாத மண்ணுக்கு அது வெறும் கால்சியமும் கந்தகமும்தான். மணற்பாங்கான மண்ணில் அளவுக்கு மீறிப் போட்டால், ஒட்டியிருக்கிற மெக்னீசியத்தையும் பொட்டாசியத்தையும் கழற்றிக் கீழே அனுப்பிவிடும். சுண்ணாம்புக்குப் பதில் ஜிப்சம் போட்டால் புளித்த மண் சரியாகும் என்பதும் தப்பு. ஜிப்சம் அமிலத்தை முறிக்காது.

அப்படியானால் இந்த ஊர் உரக்கடைகளில் ஜிப்சம் ஏன் எப்போதும் கிடைக்கிறது? புல்தரைக்காக அல்ல. வேர்க்கடலைக்காக. தெலுங்கில் சனக்காய், வடார்க்காட்டில் மல்லாட்டை. சித்தூர்ச் சீமையின் செம்மண்ணில் தலைமுறைகளாக விளைவது. இந்தச் செடியின் போக்கே தனி. பூ மேலே பூக்கும், விழுது மண்ணுக்குள் இறங்கி அங்கே காய் பிடிக்கும். செடியில் கால்சியம் ஏறுவது இலைகள் நீரை ஆவியாக்கி இழுக்கிற இழுப்பில். மண்ணுக்குள் கிடக்கும் காய்க்கு ஆவியாக்க வழியில்லை, அதனால் வேர் குடித்த கால்சியம் அதற்கு வந்து சேராது. காய் தன் தோல் வழியாகச் சுற்றியுள்ள மண்ணிலிருந்து நேரே உறிஞ்சிக்கொள்ள வேண்டும். கிடைக்காவிட்டால் ஓடு மட்டும் இருக்கும், உள்ளே பொக்கு. விழுது இறங்கும் சமயத்தில், விதைத்த 40, 45-ஆம் நாள் வாக்கில் ஜிப்சம் போட்டு மண் அணைப்பது இதற்குத்தான். தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் எக்டேருக்கு 400 கிலோ என்கிறது. சித்தப்பாவுக்குக் கிடைத்த மூட்டை, ஏதோ ஒரு கடலைக்காட்டுக்குப் போக வேண்டியது.

மூன்றாம் நாள் மாலை தாளும் பேனாவும் எடுத்துக்கொண்டு உட்கார்ந்தோம். கடினத்தன்மை லிட்டருக்கு 500 மில்லிகிராம் இருந்தால், எந்திரம் அதை முழுதாக மாற்றும்போது லிட்டருக்கு 230 மில்லிகிராம் சோடியத்தை விடுகிறது. புல்தரை 100 சதுர மீட்டர். ஒரு நாளைக்கு 5 மில்லிமீட்டர் உயரத்துக்குத் தண்ணீர் என்றால் 500 லிட்டர். அதாவது தினம் 115 கிராம் சோடியம். மழை நாளைக் கழித்து ஆண்டுக்கு 300 நாள் என்று வைத்தால் 34 கிலோவுக்கு மேல். அதை ஈடுகட்ட வேண்டிய ஜிப்சம் சுமார் 130 கிலோ: 50 கிலோ மூட்டையில் இரண்டரைக்கு மேல், ஒவ்வொரு ஆண்டும், வெறுமனே இருந்த இடத்தில் இருப்பதற்கு. புல்லுக்குப் போன தண்ணீரை மென்மையாக்க மட்டும் எந்திரம் குறைந்தது 88 கிலோ உப்பைத் தின்றிருக்கும்.

"அப்ப நான் மாடியில உப்புப் போட்டு கால்சியத்தை எடுத்துட்டு, கீழே காசு குடுத்து கால்சியத்தை வாங்கிப் போட்டுட்டிருக்கேன்" என்றார் சித்தப்பா. சித்தி சமையலறையிலிருந்து சிரித்தது கேட்டது.

செய்ய வேண்டியது சின்ன வேலைதான். தோட்டத்துக் குழாயை எந்திரத்துக்கு முன்னாலேயே பிரித்து, போர் தண்ணீரை நேரே புல்லுக்கு விடுவது. பருப்பு வேகாத தண்ணீர், சோப்பு நுரைக்காத தண்ணீர், புல்லடி மண்ணுக்கு மருந்து. ஒரு எச்சரிக்கை மட்டும் சொன்னேன்: எல்லா போர் தண்ணீரும் இப்படியிருக்காது. சில இடங்களில் நிலத்தடி நீரிலேயே கால்சியத்தையும் மெக்னீசியத்தையும் மீறிப் பைகார்பனேட் இருக்கும். அது மண்ணிலுள்ள கால்சியத்தைச் சுண்ணாம்பாகப் படியவைத்துச் சோடியத்துக்கு வழிவிடும். எந்திரமே இல்லாமல் களர் உண்டாகும். மண் பரிசோதனைக்குக் கொடுக்கும்போது தண்ணீரையும் ஒரு பாட்டிலில் கொடுத்தால் அதைச் சொல்லிவிடுவார்கள். சித்தப்பாவின் தண்ணீரில் கால்சியம்தான் முந்தியிருந்தது.

ஏற்கெனவே குடியேறிய சோடியத்தை விரட்ட ஜிப்சம் வேண்டும்தான். சதுர மீட்டருக்கு அரைக் கிலோ வீதம் போட்டால் இந்தப் புல்தரைக்கு ஒரு மூட்டை. எக்டேர்க் கணக்கில் 5 டன். முந்தைய மூட்டை ஏன் பலிக்கவில்லை என்று யோசித்தால், மாடித் தண்ணீர் ஒரு காரணம். தூவிய விதம் இன்னொரு காரணம். ஜிப்சம் லிட்டருக்கு இரண்டரை கிராம்கூடக் கரையாது. அரைக் கிலோ முழுக்கக் கரைய 200 லிட்டருக்கு மேல் வேண்டும். 100 சதுர மீட்டருக்கு அது இரண்டு டேங்கர் லாரி தண்ணீர், அல்லது 200 மில்லிமீட்டர் மழை. சோடியம் ஏறிய மண் கால்சியத்தை உடனுக்குடன் இழுத்துக்கொள்வதால் நடைமுறையில் இதைவிடச் சீக்கிரம் கரையும். ஆனாலும் பங்குனி வெயிலில் தூவிவிட்டு மறுவாரம் பலன் தேடக் கூடாது. இந்தக் கரையோரத்துக்கு ஐப்பசி, கார்த்திகையில் வங்கக்கடல் மழையைக் கொண்டுவரும். அதற்கு முன் தூவ வேண்டும். தூவுவதற்கு முன் புல்தரையில் கம்பியால் குத்தித் துளை போட வேண்டும். விடுபட்ட சோடியம் சல்பேட் கீழே இறங்கிப் போக வடிகால் இல்லாவிட்டால் போட்டதெல்லாம் வீண். கர்னாலிலும் அப்படித்தான், இரண்டரை சென்டிலும் அப்படித்தான்.

பெரியவர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, திட்டுத் திட்டாகச் செத்த கொரியன் புல்லுக்கு நடுவே தானாகப் படர்ந்திருந்த அருகம்புல்லைக் காட்டினார். அது பச்சையாக இருந்தது. பெர்முடா புல் என்ற பெயரில் உலகத்து மைதானங்களில் விரிவது அதுதான். உப்பையும் காரத்தையும் பெரும்பாலான புல்லைவிட நன்றாகத் தாங்கும். சித்தப்பா அதை இரண்டு வருடமாகக் களை என்று பிடுங்கிக்கொண்டிருந்தார். பிள்ளையாருக்கு மட்டும் கொஞ்சம் விட்டுவைப்பாராம்.

மறுவாரம் பிளம்பர் வந்து குழாயைப் பிரித்துப் போட்டார். இரண்டு திருகு வால்வும் பக்கத்தில் பக்கத்தில் அமைந்துவிட்டதால், அடையாளத்துக்குப் பெயிண்ட்டில் எழுதிவைக்கலாம் என்று டப்பாவைத் திறந்தவர், "இதில் எது மஞ்சி நீள்ளு, சார்?" என்று கேட்டாராம், எது நல்ல தண்ணீர் என்று. சித்தப்பா எனக்கு போன் போட்டார். என்ன எழுதினார்கள் என்று தெரியவில்லை. பேசி முடிப்பதற்குள் பின்னாலிருந்து சித்தி எதையோ சொன்னது கேட்டது, லைன் கட்டானது.